விளையாட்டை நீக்கினால் வெற்றியும் போய்விடுமா?

சென்ற கோடை விடுமுறையில் நான் ஒரு பெரிய குற்றம் செய்துவிட்டேன். குற்றம் என்று சட்டம் சொல்லாது. ஆனால் என் தங்கையின் மகன், பத்து வயதுப் பையன், இன்றளவும் அப்படித்தான் சொல்லி வருகிறான்.

நடந்தது இதுதான். வீட்டில் கைக்குழந்தைக்குக் காதுகுத்து விசேஷம். காலையிலிருந்து படம் எடுத்துக்கொண்டிருந்த என் தங்கை, செல்போனை என்னிடம் நீட்டி, "அண்ணா, இனிமேல் படம் எடுக்க இடமில்லை என்கிறது. ஏதாவது செய்யேன், ஆசாரி வந்தாயிற்று" என்றாள். நான் வாங்கிப் பார்த்தேன். அதிக இடத்தை அடைத்துக்கொண்டிருந்தது ஒரு விளையாட்டு. கட்டை கட்டையாக அடுக்கி வீடும் ஊரும் கட்டி விளையாடுகிறார்களே, அந்த வகை. "விளையாட்டுத்தானே! நாளைக்குத் திரும்ப ஏற்றிக்கொண்டால் போயிற்று" என்று எண்ணி, அதை நீக்கிவிட்டேன். இடம் கிடைத்தது. படம் எடுத்தார்கள். குழந்தை அழுதது, எல்லோரும் சிரித்தார்கள், விசேஷம் நன்றாகவே முடிந்தது.

மறுநாள் பையன் கேட்டான். சொன்னபடியே விளையாட்டைத் திரும்ப ஏற்றிக் கொடுத்தேன். அவன் திறந்து பார்த்தான். முகம் மாறிவிட்டது.

"மாமா, தாத்தா வீடு எங்கே?" என்றான்.

எங்கள் கிராமத்து வீட்டை விற்று ஐந்து வருஷம் ஆகிறது. வாங்கியவர் அதை இடித்துவிட்டு வேறு கட்டிக்கொண்டார். அந்த வீட்டைத்தான் இவன் நான்கு மாதமாக, பழைய ஆல்பத்தில் உள்ள படங்களைப் பார்த்துப் பார்த்து, திண்ணை, முற்றம், கிணறு, வேப்ப மரம் என்று ஒன்று விடாமல் விளையாட்டுக்குள் கட்டி வைத்திருந்திருக்கிறான். முதல் தடவை அந்த வீட்டை இடித்தவர் யாரோ. இரண்டாம் தடவை இடித்தவன் நான்!

அதன் பிறகு விஷயம் தெரிந்தவர்களைக் கேட்டும், நானே சோதித்துப் பார்த்தும் தெரிந்துகொண்டதை இங்கே எழுதுகிறேன். வீட்டில் செல்போனோ, கம்ப்யூட்டரோ, பிள்ளைகளோ உள்ளவர்கள் – அதாவது அநேகமாக எல்லோரும் – தெரிந்துகொள்ள வேண்டிய சமாசாரம் இது.

இரண்டு வகைச் சாமான்கள்

ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டில் இரண்டு வகைச் சாமான்கள் இருக்கின்றன. ஒன்று, அதைத் தயாரித்தவர்கள் கொடுத்தது: படங்கள், இசை, விளையாட்டின் விதிகள் முதலியன. இது எல்லோரிடமும் ஒரே மாதிரிதான் இருக்கும். அளவில் பெரியது. இன்றைய பெரிய விளையாட்டுகள் சில 100 ஜிகாபைட்டுக்கும் மேல் இடம் கேட்கின்றன.

மற்றொன்று, விளையாடுகிறவர் தாமே உண்டாக்கியது. எத்தனையாவது கட்டத்தைத் தாண்டினார், எவ்வளவு பொற்காசு சேர்த்தார், எந்த மூலையில் என்ன கட்டினார் என்ற கணக்கு. இதைத்தான் 'ஸேவ்' கோப்பு என்கிறார்கள். பெரும்பாலும் இது அளவில் மிகச் சிறியது.

முன்னது தொலைந்தால் திரும்பவும் இறக்கிக்கொள்ளலாம். பின்னதற்கு உலகத்தில் ஒரே ஒரு பிரதிதான் இருக்கும், அதுவும் நம்மிடம்தான் இருக்கும்.

'அன்இன்ஸ்டால்' என்ற பொத்தானை அழுத்தினால் முதல் வகைச் சாமான் நிச்சயமாகப் போய்விடும். இரண்டாவது போகுமா, இருக்குமா? இதற்கு ஒரே பதில் கிடையாது. அந்தக் கணக்கு எங்கே வைக்கப்பட்டிருக்கிறது என்பதைப் பொறுத்த விஷயம் அது.

பந்தல்காரர் எதை எடுத்துப் போவார்?

முதலில் கம்ப்யூட்டரைப் பார்ப்போம். வீட்டில் கல்யாணம் என்றால் வாடகைக் கடைக்காரர் வருகிறார். மூங்கில், பெஞ்சு, ஜமுக்காளம், அண்டா, தவலை எல்லாம் கொண்டுவந்து இறக்குகிறார். கையில் ஒரு ஜாபிதா வைத்திருப்பார். கல்யாணம் முடிந்ததும் அந்த ஜாபிதாவைப் பார்த்துத் தம்முடைய சாமானை எண்ணி எடுத்துக்கொண்டு போவார். உங்கள் வீட்டு அலமாரியில் இருக்கும் மொய் நோட்டை அவர் தொடுவாரா? தொடமாட்டார். அது அவர் கொண்டுவந்ததல்ல. அவருடைய ஜாபிதாவில் இல்லை.

விண்டோஸ் கம்ப்யூட்டரில் நடப்பதும் ஏறக்குறைய இதுதான். விளையாட்டு ஏறும்போதே இன்னின்ன கோப்புகளை இன்னின்ன இடத்தில் வைத்தோம் என்று ஒரு பட்டியல் எழுதிக்கொள்ளும். நீக்கும்போது அந்தப் பட்டியலைப் பார்த்தே எடுக்கும். புரோகிராம்களைச் சேர்க்கவும் நீக்கவும் கன்ட்ரோல் பேனலில் ஒரே இடம் என்ற ஏற்பாடு 1995-ல் வெளிவந்த விண்டோஸ் 95-லேயே வந்துவிட்டது. நீங்கள் விளையாடிய பிறகு உண்டான ஸேவ் கோப்பு அந்தப் பட்டியலில் இராது. ஆகவே அது அநேகமாகப் பிழைத்துக்கொள்ளும்.

அன்றியும், பல விளையாட்டுகள் இந்தக் கணக்கைத் தங்கள் போல்டரில் வைப்பதே இல்லை. உங்கள் பெயரில் உள்ள போல்டருக்குள் 'டாக்குமெண்ட்ஸ்', 'ஸேவ்டு கேம்ஸ்', 'ஆப்டேட்டா' என்ற இடங்களில் வைக்கின்றன. இவற்றில் 'ஆப்டேட்டா' சாதாரணமாகக் கண்ணுக்குத் தெரியாமல் மறைந்திருக்கும். கம்ப்யூட்டரில் ஆடும் மைன்கிராப்டின் ஜாவா பதிப்பு, பிள்ளைகள் கட்டிய உலகங்களை எல்லாம் அங்கேதான் ஓர் உள் போல்டரில் வைக்கிறது. இதனால்தான் ஒரு விளையாட்டை நீக்கி ஒரு வருஷம் கழித்துத் திரும்ப ஏற்றினாலும், விட்ட இடத்திலிருந்தே தொடங்குவதைப் பலர் கண்டு ஆச்சரியப்படுகிறார்கள்.

எல்லா விளையாட்டும் அப்படி அல்ல. பழைய விளையாட்டுகள் சில, கணக்கைத் தங்கள் போல்டருக்குள்ளேயே வைத்துக்கொள்ளும். "மிச்சம் மீதி கிடக்கிறதே" என்று அந்தப் போல்டரை நாமே முழுவதும் அழித்தால், மொய் நோட்டும் குப்பையோடு போய்விடும். வேறு சில விளையாட்டுகள் நீக்கும்போதே "ஸேவ் கோப்புகளையும் அழிக்கட்டுமா?" என்று மரியாதையாகக் கேட்கும். நாம்தான் படிக்காமல் 'சரி', 'சரி' என்று தட்டிக்கொண்டே போகிறோம்!

டெலிவிஷனோடு இணைத்து ஆடும் பெட்டிகளில் ஏற்பாடு இன்னும் தெளிவு. பிளேஸ்டேஷன் 4, 5 இரண்டிலும் விளையாட்டு வேறு, ஸேவ் கணக்கு வேறு என்று தனித்தனியாகவே வைத்திருக்கிறார்கள். விளையாட்டை நீக்கினால் கணக்கு அப்படியே இருக்கும். 2017-ல் வந்த நின்டெண்டோ ஸ்விட்சிலும் அப்படியே. கணக்கு பெட்டியின் சொந்த நினைவகத்தில் இருக்கும். கணக்கை அழிக்க வேண்டுமானால் அதற்கென்று வேறு இடத்துக்குப் போய்ப் பிரத்தியேகமாக அழிக்க வேண்டும். ஆனால் பெட்டியே பழுதானால் கணக்கும் அதோடு சேர்ந்தே போகும் என்பதை மறந்துவிடக்கூடாது.

பாட்டரி காத்த கணக்கு

வெற்றிக் கணக்கை எங்கே வைப்பது என்பது புதிய கவலையும் அல்ல. 1987-ல் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்த 'மெட்ராய்டு' என்ற நின்டெண்டோ விளையாட்டு கணக்கைத் தன்னிடம் வைத்துக்கொள்ளவில்லை. ஆட்டத்தை நிறுத்தும்போது 24 எழுத்துக்கள் கொண்ட ஓர் இரகசியச் சொல்லைத் திரையில் காட்டும். அதைக் காகிதத்தில் எழுதிக்கொள்ள வேண்டும். ஓர் எழுத்துத் தவறினாலும் ஆட்டம் அந்த இடத்துக்குத் திரும்பாது.

அதே வருஷம் அங்கே வெளியான 'தி லெஜண்ட் ஆப் செல்டா'வின் பெட்டிக்குள் ஒரு சிறு பாட்டரியை வைத்தார்கள். மின்சாரத்தை நிறுத்தினாலும் அந்தப் பாட்டரி கணக்கைக் காத்தது. ஆனால் பாட்டரிக்கும் ஆயுள் உண்டல்லவா? பல வருஷங்கள் கழித்துப் பரணிலிருந்து பெட்டியை எடுத்தவர்கள் சிலர், விளையாட்டு பத்திரமாக இருக்கக் கண்டார்கள். கணக்கு மட்டும் காணவில்லை.

2 லட்சம் பெட்டிகள் திரும்பிய கதை

ஜாபிதா இல்லாத பந்தல்காரர் எவ்வளவு ஆபத்தானவர் என்பதற்கு உண்மைக் கதை ஒன்று உண்டு.

அமெரிக்காவில் சிகாகோ நகரில் இருந்த பங்கி என்ற கம்பெனி, 1998-ம் வருஷக் கடைசியில் 'மித் 2: சோல்பிளைட்டர்' என்ற போர் விளையாட்டை வெளியிடத் தயாராக இருந்தது. சுமார் 2 லட்சம் பெட்டிகள் அச்சாகிக் கடைகளுக்குப் புறப்பட்டுவிட்டன. அந்த நேரத்தில் ஒரு செய்தி வந்தது. விளையாட்டை நீக்கிப் பார்த்தபோது, அதோடு கம்ப்யூட்டரின் ஹார்ட் டிஸ்கில் இருந்த மற்ற எல்லாமும் அழிந்து போயிற்று என்று!

காரணம் மிக எளியது. அதன் நீக்கும் புரோகிராம் பட்டியலைப் பார்த்து ஒவ்வொன்றாக எடுக்கவில்லை. எந்தப் போல்டரில் விளையாட்டு ஏறியிருக்கிறதோ, அந்தப் போல்டரையே அடியோடு அழித்தது. வழக்கமான இடத்தில் ஏற்றியிருந்தால் தொந்தரவு இல்லை. ஆனால் ஒருவர் தனிப் போல்டர் எதுவும் இல்லாமல் டிஸ்கின் தலைவாசலிலேயே ஏற்றியிருந்தால், 'இந்தப் போல்டர்' என்பது முழு டிஸ்காகிவிடும். தன் பெஞ்சை எடுக்க வந்தவர் வீட்டையே தூக்கிக்கொண்டு போனது போலத்தான்.

அப்படி விசித்திரமான இடத்தில் ஏற்றுகிறவர்கள் மிகச் சிலரே. "யாராவது மாட்டிக்கொண்டால் பார்த்துக்கொள்வோம்" என்று கம்பெனியார் இருந்திருக்கலாம். அவர்கள் அப்படிச் செய்யவில்லை. அனுப்பிய பெட்டிகளையெல்லாம் திரும்ப வரவழைத்துத் தவறைத் திருத்தி மறுபடியும் அனுப்பினார்கள். பெரும் நஷ்டம், ஆனால் நல்ல பெயர் நிலைத்தது. அதே கம்பெனியை 2000-ல் மைக்ரோசாப்ட் வாங்கியது. அவர்கள் தயாரித்த 'ஹேலோ' உலகப் புகழ் பெற்றது.

செல்போன் என்னும் கல்யாண மண்டபம்

இனி நான் அகப்பட்டுக்கொண்ட இடத்துக்கு வருகிறேன். கம்ப்யூட்டர் சொந்த வீடு என்றால், செல்போன் கல்யாண மண்டபம். ஒவ்வொரு விளையாட்டுக்கும் அதில் ஒரு தனி அறை ஒதுக்கித் தருகிறார்கள். ஒன்றின் அறைக்குள் மற்றொன்று நுழைய முடியாது. பாதுகாப்புக்கு இது நல்ல ஏற்பாடுதான். ஆனால் விளையாட்டைக் காலி செய்தவுடன் அறையைப் பெருக்கிக் கழுவிவிடுவார்கள். மொய் நோட்டு அந்த அறையில் இருந்தால் அதுவும் அன்றோடு சரி.

ஆண்ட்ராய்டு போனில் ஒரு விளையாட்டை நீக்கினால் அதன் தனி அறையில் இருந்ததும் சேர்ந்தே அழியும். ஐபோனிலும் அவ்வாறே. ஆனால் ஐபோனில் 2017 முதல் 'ஆப்லோடு' என்று ஒரு வசதி இருக்கிறது. அதை உபயோகித்தால் விளையாட்டு மட்டும் போகும். கணக்கு அப்படியே இருக்கும். பின்னால் விளையாட்டைத் திரும்ப இறக்கினால் இரண்டும் சேர்ந்துகொள்ளும். இடம் போதவில்லை என்பவர்களுக்கு இது மிகவும் பிரயோஜனமான வழி.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ஆண்ட்ராய்டு போனின் அமைப்புகளில் ஒவ்வொரு விளையாட்டுக்கும் இரண்டு பொத்தான்கள் அடுத்தடுத்து இருக்கும். ஒன்று 'கேஷ்' என்பதை நீக்குவது. அது தாற்காலிகக் குப்பை, போனால் பாதகமில்லை. மற்றொன்று 'டேட்டா' அல்லது 'ஸ்டோரேஜ்' என்பதை நீக்குவது. அதை அழுத்தினால் விளையாட்டு இருக்கும். ஆனால் இன்றைக்குத்தான் புதிதாக வந்தது போல இருக்கும். எத்தனையோ பேருடைய கணக்கு, விளையாட்டை நீக்காமலே, இந்தப் பொத்தானால் போயிருக்கிறது.

தூரத்துக் கணக்குப்பிள்ளை

"அப்படியானால் என் மகன் போனை மாற்றியபோது அவன் விளையாட்டு விட்ட இடத்திலிருந்தே வந்ததே!" என்று சிலர் கேட்கலாம். உண்மைதான். சில விளையாட்டுகள் கணக்கை நம் கையில் வைப்பதில்லை. தூரத்தில் இருக்கும் தங்கள் சர்வரில் வைக்கின்றன. பலர் சேர்ந்து ஆடும் விளையாட்டுகள் எல்லாம் இந்த ரகம். போனில் இருப்பது வெறும் ஜன்னல். கணக்குப்பிள்ளை எங்கோ உட்கார்ந்து எழுதிக்கொண்டிருக்கிறார். ஜன்னலைக் கழற்றினால் அவருடைய பேரேடு அழியாது. நீங்கள் இன்னார் என்று சொல்லி மறுபடி உள்ளே நுழைந்தால் போதும்.

இங்கேதான் ஒரு கண்ணி இருக்கிறது. 'விருந்தாளி' என்று பெயர் கொடுக்காமல் ஆடுகிற வழக்கம் பிள்ளைகளிடம் அதிகம். பெயர் சொல்லாமல் மொய் எழுதினால், பிறகு எந்தப் பக்கத்தில் தேடுவது? கூகுள், பேஸ்புக் போன்ற ஏதாவது ஒரு கணக்கோடு இணைத்திருந்தால்தான் திரும்ப வந்து உரிமை கொண்டாட முடியும்.

நம் நாட்டு இளைஞர்களுக்கு இது அனுபவத்தில் தெரிந்த விஷயம். 2020 செப்டம்பரில் பப்ஜி மொபைல் விளையாட்டை இந்திய அரசாங்கம் தடை செய்தது. 2021 ஜூலையில் அதற்குப் பதிலாக இந்தியாவுக்கென்று வேறு பெயரில் ஒரு விளையாட்டு வந்தபோது, பழைய கணக்கைப் புதியதற்கு மாற்றிக்கொள்ள ஒரு குறிப்பிட்ட காலம் வரை அனுமதித்தார்கள். தங்கள் ஆட்டத்தைச் சமூக ஊடகக் கணக்கோடு இணைத்து வைத்திருந்தவர்கள் தங்கள் பழைய சேமிப்பைக் கொண்டுவந்து சேர்த்துக்கொண்டார்கள்.

கம்ப்யூட்டரில் விளையாட்டு விற்கும் ஸ்டீம் என்ற கடையில் 2008 முதல் 'கிளவுட்' சேமிப்பு உண்டு. நம் கணக்கின் பிரதி ஒன்றை அவர்களே வைத்திருப்பார்கள். ஆனால் எல்லா விளையாட்டுக்கும் இந்த வசதி கிடையாது. ஒவ்வொன்றுக்கும் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டும். விலை கொடுத்து வாங்கிய உரிமை போய்விடுமோ என்ற பயமும் சிலருக்கு உண்டு. போகாது. ரசீது அவர்கள் பேரேட்டில் உங்கள் பெயரில் இருக்கிறது. எத்தனை முறை வேண்டுமானாலும் நீக்கி ஏற்றலாம்.

கணக்குப்பிள்ளையை நம்பியும் முழுவதும் இருக்க முடியாது. யூபிசாப்ட் கம்பெனி 2014-ல் வெளியிட்ட 'தி க்ரூ' என்ற கார் பந்தய விளையாட்டின் சர்வர்களை 2024 மார்ச் 31-ந் தேதி நிறுத்திவிட்டார்கள். விளையாட்டை நீக்காமல் பத்திரமாக வைத்திருந்தவர்களும், பணம் கொடுத்து வாங்கியவர்களும் அதற்கு மேல் அதை ஆட முடியாமற் போயிற்று. 'பொத்தானை அழுத்தினவர் யார்?' என்பதுதான் வித்தியாசம்.

அழிந்ததை மீட்க முடியுமா?

எனக்கு இருந்த கடைசி நம்பிக்கை இது. அழித்த கோப்பு உடனே மறைந்துவிடுவதில்லை என்று எங்கோ கேள்விப்பட்டிருந்தேன். ஓரளவு உண்மை. பழைய சுழலும் ஹார்ட் டிஸ்கில் ஒரு கோப்பை அழித்தால், 'இந்த இடம் காலி' என்று குறித்துக்கொள்வார்களே தவிர, எழுத்தை உடனே துடைக்கமாட்டார்கள். வேறொன்று அதன் மேல் எழுதப்படுவதற்குள் மீட்புப் புரோகிராம் கொண்டு எடுக்க வழியுண்டு. ஆனால் இந்நாளைய கம்ப்யூட்டர்களில் உள்ள எஸ்.எஸ்.டி. வகை டிஸ்குகள், காலி என்று சொல்லப்பட்ட இடத்தைத் தாமே விரைவில் துடைத்துச் சுத்தம் செய்துகொள்கின்றன. செல்போனிலோ ஏறக்குறைய முடியாத காரியம். அதிலும் நான் அழித்த இடத்தின் மேல் 60 காதுகுத்துப் படங்களை எடுத்தாயிற்று!

பொத்தானை அழுத்துமுன்

நான் பட்ட பாடு மற்றவர்கள் படாமல் இருக்கச் சில வார்த்தைகள்.

முதலாவது, கேளுங்கள். இது யாருடைய விளையாட்டு, இதில் அவர் என்ன சேர்த்து வைத்திருக்கிறார் என்று கேட்க அரை நிமிஷம் போதும். பெரியவர்களுக்கு விளையாட்டாகத் தெரிவது பிள்ளைக்கு நான்கு மாத உழைப்பாக இருக்கலாம்.

இரண்டாவது, விளையாட்டின் அமைப்புகளில் ஏதாவது ஒரு கணக்கோடு இணைந்திருக்கிறதா என்று பாருங்கள். 'விருந்தாளி' என்றிருந்தால் முதலில் இணைத்துவிட்டுப் பிறகு நீக்குங்கள்.

மூன்றாவது, கம்ப்யூட்டரில் ஸேவ் கோப்பு உள்ள போல்டரைத் தேடி, ஒரு பென் டிரைவில் பிரதி எடுத்து வையுங்கள். விளையாட்டைத் திரும்ப ஏற்றிய பின் அதே இடத்தில் வைத்தால் பெரும்பாலும் வேலை செய்யும்.

நான்காவது, திரும்ப ஏற்றியவுடன் "இங்கே உள்ள கணக்கா, கிளவுடில் உள்ள கணக்கா, எது வேண்டும்?" என்று சில சமயம் கேட்கும். அவசரப்படாதீர்கள். தேதியைப் பார்த்துச் சொல்லுங்கள். புதிதாகத் தொடங்கிய வெறும் கணக்கைத் தேர்ந்தெடுத்தால், அது பழையதின் மேல் எழுதிவிடும். மீட்க வந்தவரே அழித்தவராகிவிடுவார்.

இத்தனையும் அன்று தெரிந்திருந்தால் என் மருமகனின் தாத்தா வீடு நின்றிருக்கும். பையன் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் என் தாயார் அவனை மடியில் இருத்திக்கொண்டு, "எங்கே, எப்படிக் கட்டியிருந்தாய், சொல்லு" என்றாள். அவன் சொல்லச் சொல்ல, "கிணறு கொல்லையின் நடுவில் இல்லையடா, வேப்ப மரத்துக்குத் தெற்கே. திண்ணையில் தூண் நான்கு; நீ இரண்டுதானே வைத்தாய்?" என்று திருத்திக்கொண்டே வந்தாள். ஆல்பத்தில் விழாத சமையலறையும், மாட்டுக் கொட்டகையும், நெற்குதிரும் அவள் நினைவில் இருந்தன.

இப்போது புது வீடு எழும்பிக்கொண்டிருக்கிறது. இந்தத் தடவை என் கம்ப்யூட்டரில். ஞாயிற்றுக்கிழமைதோறும் பையன் பென் டிரைவைக் கொண்டுவந்து நீட்டுகிறான். நான் ஒரு வார்த்தை பேசாமல் பிரதி எடுத்துக் கொடுக்கிறேன்.